கூண்டில் நின்றது போதும், மனுதாரராய் வாருங்கள்

காவிரியிலும் கொள்ளிடத்திலும் வண்டி ஓட்டிப் பிழைத்தவர்களே, மண்வெட்டி பிடித்தவர்களே, கூடை சுமந்தவர்களே, சல்லடையில் சலித்துக் கொடுத்த சகோதரிகளே! பாலாற்றிலும் தென்பெண்ணையிலும் வெள்ளாற்றிலும் இதே வேலை பார்த்து இன்று வேலையில்லாமல் நிற்கும் தோழர்களே! உடனே ஒரு காரியம் செய்தாக வேண்டும். அதைத் தள்ளிப்போட நேரமில்லை.

இருபது ஆண்டுகளுக்கு மேலாக மணலைப் பற்றி நீதிமன்றங்களில் வழக்கு நடக்கிறது. அரசு வக்கீல் வைத்து வாதாடியது. ஒப்பந்ததாரர்கள் பெரிய பெரிய வக்கீல்களை வைத்து வாதாடினார்கள். விவசாயிகள் வந்தார்கள், ஆற்றைக் காக்க நினைத்த நல்லவர்கள் வந்தார்கள், கப்பலில் மணல் இறக்குமதி செய்த வியாபாரியும் வந்தார். இடுப்பளவு குழியில் நின்று அந்த மணலை அள்ளிய நாம் எங்கே இருந்தோம்? முதல் தகவல் அறிக்கையில் இருந்தோம். ஜாமீன் மனுவில் இருந்தோம். குற்றவாளிக் கூண்டில் இருந்தோம். ஆற்றில் யார் எப்படி மணல் எடுக்கலாம் என்று முடிவு செய்த எந்த வழக்கிலும் நம் குரல் போதுமான அளவு ஒலிக்கவில்லை.

இனி அங்கே நம் குரல் கேட்க வேண்டும். நம் மீது போடும் வழக்கில் தலைகுனிந்து நிற்பதை விட்டு, நாமே வழக்காடுபவர்களாக உள்ளே போக வேண்டும். இந்த அழைப்பின் சாரம் இவ்வளவுதான்.

ஏன் இப்போதே என்று கேட்பீர்கள். 2023 செப்டம்பரில் அமலாக்கத் துறை மணல் குவாரிகளில் சோதனை போட்டது. அதன் பிறகு லாரிக் குவாரிகளுக்கு விழுந்த பூட்டு நமக்கும் சேர்த்தே விழுந்தது. அந்தப் பூட்டு எப்போது திறக்கும், யாருக்குத் திறக்கும் என்பதை மாவட்ட ஆய்வறிக்கை என்ற ஒரு காகிதம்தான் முடிவு செய்யும். எந்த ஆற்றில், எந்த ஊர்ப் படுகையில், எவ்வளவு மணல் எடுக்கலாம் என்பதை 5 ஆண்டுகளுக்கு ஒருமுறை மாவட்டவாரியாக எழுதிவைக்கும் அறிக்கை அது. 2016-இல் மத்திய அரசு கொண்டுவந்த விதி அப்படித்தான் சொல்கிறது. 2025 ஆகஸ்டில் உச்ச நீதிமன்றம் இன்னொன்றையும் சேர்த்துச் சொன்னது: வெள்ளம் ஆண்டுதோறும் எவ்வளவு மணலைத் திரும்பக் கொண்டுவந்து சேர்க்கிறது என்று ஆய்வு செய்யாமல் போட்ட அறிக்கை செல்லாது. ஆகவே பழைய அறிக்கைகளைத் தூசி தட்டி நீட்ட முடியாது. புதிதாக அளக்க வேண்டும், புதிதாக எழுத வேண்டும். அந்த எழுத்தில் நம் படுகை இடம்பெறவில்லை என்றால் இன்னும் 5 ஆண்டுகளுக்கு நமக்குச் சட்டப்படி ஒரு கூடை மணல்கூடக் கிடையாது.

அந்த அறிக்கையின் வரைவை ஆட்சியர் அலுவலகத்தில் வைக்க வேண்டும், மாவட்ட இணையதளத்தில் போட வேண்டும், பொதுமக்கள் கருத்துச் சொல்ல 21 நாள் விட வேண்டும் என்பதும் விதிதான். இதற்கு முன்பு அந்த 21 நாட்கள் நமக்குத் தெரியாமலே கழிந்தன. நம் தெருவில் யாரும் தண்டோரா போடவில்லை. இந்த முறை அது நடக்கக் கூடாது.

நம் நிலைமையை நமக்கே விளக்க வேண்டியதில்லை. என்றாலும் வெளியே இருப்பவர்களும் இதைப் படிப்பார்கள், அவர்களுக்காகச் சொல்கிறேன். வண்டிக்காரன் ஆற்றுக்குப் போகாத நாளிலும் மாட்டுக்கு வைக்கோல் வேண்டும், தவிடு வேண்டும், புண்ணாக்கு வேண்டும். லாரி ஓடாவிட்டால் டீசல் செலவு மிச்சம். மாடு நின்றாலும் தின்னும். வாரம் இரண்டு ஆனதும் கடன், மாதம் இரண்டு ஆனதும் நகை, அதற்கப்புறம் மணப்பாறைச் சந்தை. சந்தையில் எல்லோரும் ஒரே நேரத்தில் மாட்டைப் பிடித்துக்கொண்டு நின்றால் விலை என்ன கிடைக்கும்? கேட்ட விலைக்குக் கொடுத்துவிட்டு, மூக்கணாங்கயிற்றை மட்டும் கையில் சுருட்டிக்கொண்டு பஸ் ஏறி வந்தவர்கள் நம் நடுவே இருக்கிறார்கள். வண்டியை மட்டும் நம்பி இருந்தவர்கள் நாம் மட்டுமல்ல. லாடம் அடிப்பவர், பட்டறைத் தச்சர், வைக்கோல் விற்பவர், கரையில் டீக்கடை வைத்த அக்கா என்று ஒரு தெருவே நம்மோடு சேர்ந்து படுத்துவிட்டது. கொண்டையம்பேட்டையிலும் தாளக்குடியிலும் வண்டி வரிசை நின்ற இடங்களை இன்று போய்ப் பாருங்கள், தெரியும்.

நமக்கு இந்த நிலை எப்படி வந்தது? படிப்படியாக வந்தது. ஒவ்வொரு படியிலும் காரணம் வேறொருவராக இருந்தார், அடி நம் மேல் விழுந்தது.

2003 அக்டோபரில் தமிழ்நாடு சிறுகனிமச் சலுகை விதிகளில் 38-ஏ என்ற விதி வந்தது. ஆற்று மணலை எடுக்கும் உரிமை இனி அரசுக்கு மட்டுமே என்றது அது. தனியார் குத்தகைக்காரர்கள் ஆற்றைச் சூறையாடியதால் வந்த விதி. அதன் நோக்கத்தைக் குறை சொல்ல மாட்டேன். ஆனால் அரசு குவாரி என்று பெயர்ப் பலகை மாறியதே தவிர, உள்ளே பொக்லைன் நிற்கவில்லை. அள்ளுவதும் ஏற்றுவதும் ஒப்பந்தத்துக்குப் போயின. மணலைக் கிடங்குக்குக் கொண்டுபோய் இரண்டாம் விற்பனை என்று விலையேற்றும் கூட்டம் உருவானது. காலங்காலமாகக் கையால் அள்ளி உள்ளூர் வீடுகளுக்குக் கொடுத்துவந்த நமக்கு, ஆங்காங்கே மாட்டு வண்டிக் குவாரி என்று ஒரு மூலையைக் காட்டினார்கள். அதுவும் போராடினால் திறக்கும், பத்து நாளில் மூடும்.

2012 பிப்ரவரி 27. அரியானாவிலிருந்து போன தீபக் குமார் வழக்கில் உச்ச நீதிமன்றம் தீர்ப்புச் சொன்னது. 5 எக்டேருக்குக் குறைந்த குவாரியானாலும் சுற்றுச்சூழல் அனுமதி வாங்காமல் திறக்கக் கூடாது. பெரிய குவாரியைச் சின்னச் சின்னத் துண்டாக வெட்டிக் காட்டி அனுமதியிலிருந்து தப்பித்தவர்களைப் பிடிக்க வந்த தீர்ப்பு அது. தேவையான தீர்ப்பு. ஆனால் உண்மையிலேயே சின்னதாக இருந்த நம் குவாரிகளும் அதே வலையில் சிக்கின. பெரியவன் ஆலோசகரை வைத்து அறிக்கை எழுதி அனுமதி வாங்கிவிடுவான். வண்டிக் குவாரிக்கு யார் ஓடி ஓடி அனுமதி வாங்குவார்கள்?

2017 நவம்பர் 29. மலேசியாவிலிருந்து தூத்துக்குடித் துறைமுகத்தில் வந்து இறங்கிய மணலைத் தடுத்து வைத்ததைப் பற்றிய வழக்கு. உயர் நீதிமன்ற மதுரைக் கிளை, தமிழ்நாட்டில் உள்ள எல்லா மணல் குவாரிகளையும் 6 மாதத்தில் மூட வேண்டும், புதிதாகத் திறக்கக் கூடாது என்று உத்தரவிட்டது. வழக்கு இறக்குமதி மணலைப் பற்றியது. உத்தரவு நம் வயிற்றைத் தொட்டது. மேல்முறையீடு, டெல்லி என்று அது நீண்டது. ஆனாலும் ஒரு பாடம் பாக்கி இருக்கிறது. நாம் தரப்பினராக இல்லாத வழக்கிலும் நம் பிழைப்பு முடிவாகிவிடும். எந்த நீதிபதியும் தன் முன்னால் நிற்காதவனின் பசியைத் தானாக எடுத்து எழுத முடியாது.

இனி 2023-க்கு வருவோம். இங்கே கொஞ்சம் நின்று பேச வேண்டும், ஏனென்றால் நம் மீது பூசப்படும் சேறு எங்கிருந்து வருகிறது என்பது இதில்தான் தெரிகிறது. அமலாக்கத் துறை சோதனைக்குப் பிறகு ஐஐடி கான்பூர் வல்லுநர்களைக் கொண்டு குவாரிகளை அளந்தார்கள். அந்தத் துறை சொன்ன கணக்குப்படி, வெட்டி எடுக்கப்பட்ட மணலின் மதிப்பு சுமார் 4,730 கோடி ரூபாய். அரசுக்கு வந்த வருவாய் 36.45 கோடி. இந்தக் கணக்கு சரியா என்று நீதிமன்றம் இறுதியாகச் சொல்லவில்லை. ஆனால் அதில் பாதி உண்மையானாலும் கேட்கிறேன், அந்த மணலை மாட்டு வண்டி அள்ளிக்கொண்டு போயிருக்க முடியுமா? இரவும் பகலும் எத்தனை ஆயிரம் மாடுகள் இழுத்தாலும் அந்த அளவு வராது. அது இயந்திரம் அள்ளிய மணல், டாரஸ் லாரி சுமந்த மணல்.

பிறகு என்ன நடந்தது? திருச்சி, கரூர், தஞ்சாவூர், அரியலூர், வேலூர் ஆட்சியர்களுக்குச் சம்மன் போனது. மாநில அரசு உயர் நீதிமன்றம் போய்த் தடை வாங்கியது. 2024 பிப்ரவரியில் உச்ச நீதிமன்றம் அந்தத் தடையை நிறுத்திவைத்து, ஆட்சியர்கள் நேரில் போக வேண்டும் என்றது. 2024 ஜூலையில் ஒப்பந்ததாரர்கள் மீதான அமலாக்கத் துறை நடவடிக்கைகளைச் சென்னை உயர் நீதிமன்றம் ரத்து செய்தது. பணமோசடித் தடுப்புச் சட்டத்தின் குற்றப் பட்டியலில் கனிமவளச் சட்டக் குற்றம் இல்லை என்பது முக்கியமான காரணம். சட்டம் அப்படி இருந்தால் நீதிமன்றம் அப்படித்தான் தீர்ப்புச் சொல்ல முடியும். அதை நாம் ஏற்கிறோம்.

ஆனால் அதே சட்டப் புத்தகத்தில் நமக்கு என்ன எழுதியிருக்கிறது என்று பாருங்கள். அனுமதிச் சீட்டு இல்லாமல் ஒரு வண்டி மணல் ஓட்டினால் கனிமவளச் சட்டம் 21-ஆவது பிரிவு: 5 ஆண்டு வரை சிறை. அதோடு திருட்டு வழக்கு. முன்பு இந்திய தண்டனைச் சட்டம் 379, 2024 ஜூலை முதல் பாரதிய நியாய சன்ஹிதா 303. ஒரே செயலுக்கு இரண்டு சட்டத்திலும் வழக்குப் போடலாம் என்று 2014 செப்டம்பரில் சஞ்சய் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. குண்டர் சட்டத்தில் மணல் குற்றவாளி என்று தனி வகையே இருக்கிறது. போட்டால் ஓராண்டு வரை விசாரணையில்லாமல் உள்ளே. வண்டியைப் பறிமுதல் செய்ய 21-ஆவது பிரிவின் உட்பிரிவே போதும். 2018 அக்டோபரில் மதுரைக் கிளை, மணல் வழக்கில் பிடிபட்ட வாகனங்களை விடுவிக்கக் கூடாது என்றும் உத்தரவிட்டது. கோடிக்கணக்கில் அள்ளியவருக்குச் சட்டத்தில் வாசல் கிடைத்தது. கால் யூனிட் ஓட்டியவனுக்கு லாக்கப் கிடைத்தது. வண்டி காவல் நிலைய வேலியோரம் வெயிலில் காய்கிறது. ஒரே கொள்ளையின் இரண்டு முனை இவை. நடுவில் நிற்பவர்கள் யார் என்று ஊருக்குத் தெரியும்.

இந்த அநியாயத்தைச் சொல்லும்போதே இன்னொன்றையும் தெளிவாகச் சொல்கிறேன், யாரும் தவறாக எடுத்துக்கொள்ள வேண்டாம். ஆற்றைக் காக்க வந்த உத்தரவுகள் நமக்கு எதிரி இல்லை. ஆறு போனால் முதலில் போவது நாம்தான்.

2018 ஆகஸ்ட் 22 இரவு முக்கொம்பில் என்ன நடந்தது என்று திருச்சிக்காரர்களுக்குச் சொல்ல வேண்டுமா? ஆர்தர் காட்டன் 1836-இல் கட்டிய மேலணையில் கொள்ளிடம் பக்கத்து மதகுகள் 9 அடித்துக்கொண்டு போயின. அதே மாதம் பழைய கொள்ளிடம் பாலத்தின் தூண்கள் சரிந்தன. அணைக்கும் பாலத்துக்கும் வயதாகிவிட்டது என்றார்கள். அந்த அணை 180 ஆண்டு வெள்ளத்தையும் தாங்கி நின்றதுதானே. படுகை பள்ளமாகிப் போனதும் அடித்தளம் அரித்துப் போனதும் ஊர் பார்த்துக்கொண்டிருக்கவே நடந்தவை. முத்தரசநல்லூர்ப் படுகையில் உள்ள கிணறுகளிலிருந்துதான் இராமநாதபுரம் மாவட்டத்துக்கே குடிநீர் போகிறது. ஆற்றில் தண்ணீர் ஓடாத மாதத்திலும் அந்தக் கிணறு ஊறுவதற்குக் காரணம் மணல். அடியில் களிமண் தெரியும்வரை வழித்தெடுத்தால் அங்கே ஒரு குடம் தண்ணீர் இல்லை.

நம் இயக்கம் இதை முன்பே சொல்லியிருக்கிறது. தாமிரபரணியில் மணல் கொள்ளையை நிறுத்தச் சொல்லி வழக்குப் போட்டவர் யார்? தோழர் நல்லகண்ணு. விவசாயத் தொழிலாளர்களோடு வாழ்நாள் முழுக்க நின்றவர். தானே மதுரைக் கிளையில் நின்று வாதாடினார். 2010 டிசம்பரில் தாமிரபரணியில் மணல் அள்ள 5 ஆண்டுத் தடை வந்தது. ஆற்றுக்காக வழக்காடுவது உழைப்பவனுக்கு எதிரான வேலை என்று அவர் நினைக்கவில்லை. நாமும் அப்படி நினைக்கக் கூடாது. விவசாயிகள் சங்கத்துக்காரர்கள் நம்மைச் சந்தேகத்தோடு பார்க்கிறார்கள் என்றால், அவர்கள் வீட்டு வாசலுக்கு நாம்தான் முதலில் போக வேண்டும். நிலத்தடி நீர் இறங்கியது உங்கள் கிணற்றிலும்தான், எங்கள் தெருக் குழாயிலும்தான், பொக்லைனை வெளியேற்ற ஒன்றாக நிற்போம் என்று சொல்ல வேண்டும்.

இப்போது நம் கோரிக்கை சட்டத்தில் நிற்குமா என்ற கேள்விக்கு வருகிறேன். நிற்கும். இதை ஒவ்வொரு தோழரும் மனப்பாடமாகத் தெரிந்துவைத்துக்கொள்ள வேண்டும், ஏனென்றால் எந்த அலுவலகத்துக்குப் போனாலும் முதலில் காதில் விழுவது சட்டத்தில் இடமில்லை என்பதுதான்.

2016 ஜனவரி 15 அன்று மத்திய சுற்றுச்சூழல் அமைச்சகம் வெளியிட்ட அறிவிக்கையில் ஒன்பதாம் பின்னிணைப்பு என்று ஒன்று உண்டு. சுற்றுச்சூழல் அனுமதி தேவைப்படாத வேலைகளின் பட்டியல் அது. மண்பாண்டத் தொழிலாளர்கள் கையால் மண்ணும் மணலும் எடுப்பதற்கு அனுமதி வேண்டாம். வெள்ளம் வயலில் கொண்டுவந்து கொட்டிய மணலை விவசாயி அகற்ற அனுமதி வேண்டாம். கிராமப் பொதுவேலைக்கும் சொந்தத் தேவைக்கும் ஊராட்சிக்குள் வழக்கமாக மணல் எடுப்பதற்கு வேண்டாம். அதே பட்டியலில் குஜராத்தின் வஞ்சாரா, ஓட் சமூகத்தினர் பரம்பரையாகச் செய்யும் மணல் தொழிலுக்கும் அனுமதி வேண்டாம் என்று எழுதியிருக்கிறது. 1990-இல் குஜராத் அரசு போட்ட ஓர் அறிவிக்கையைக் காட்டி மத்திய அரசு அதை ஏற்றது. 2020-இல் அந்தப் பட்டியலைத் திருத்தியபோதும் அது நிலைத்தது. சாலை, ரயில் பாதை போன்ற வேலைகளுக்கு மண் எடுக்க அப்போது புதிதாகக் கொடுத்த விலக்கை மட்டும் 2024 மார்ச்சில் உச்ச நீதிமன்றம் ரத்து செய்தது.

கவனியுங்கள். கையால் மணல் எடுப்பது வேறு, இயந்திரத்தால் எடுப்பது வேறு என்பதை இந்தியச் சட்டம் ஏற்கெனவே ஏற்றுக்கொண்டிருக்கிறது. ஒரு மாநில அரசு தன் தொழிலாளிக்காக ஓர் அறிவிக்கை போட்டது, அது தேசியச் சட்டத்தில் ஏறியது. குஜராத்தில் முடிந்தது இங்கே ஏன் முடியாது? தமிழ்நாடு அரசு 38-ஏ விதியில் மாட்டு வண்டித் தொழிலாளிக்கு என்று தனிப் பிரிவு சேர்க்கட்டும். மண்வெட்டி, கூடை, மாட்டு வண்டி மட்டும். ஒப்பந்ததாரர் கிடையாது. கிடங்கு கிடையாது. உள்ளூர்த் தேவைக்கு மட்டும் விற்பனை. தொழிலாளர் கூட்டுறவின் கையில் நடைச்சீட்டு. கேரளம் 2001-லேயே ஆற்றங்கரைப் பாதுகாப்புச் சட்டம் போட்டு, இயந்திரத்தால் மணல் வாருவதைத் தடுத்து, கடவுக்கு ஒரு குழு என்று உள்ளாட்சியிடம் கண்காணிப்பைக் கொடுத்தது. நாம் கேட்பது யாரும் கேள்விப்படாத புதுமை இல்லை.

சாலையோர வியாபாரிகளின் கதையை நினைவில் வையுங்கள். அவர்களும் பல பத்தாண்டுகள் ஆக்கிரமிப்பாளர் என்ற பெயரில் வழக்குச் சந்தித்தவர்கள். 1985-இல் மும்பை நடைபாதைவாசிகளின் ஓல்கா டெல்லிஸ் வழக்கில், வாழும் உரிமையில் பிழைப்புக்கான உரிமையும் அடங்கும் என்று உச்ச நீதிமன்றம் சொன்னது. அன்றைக்கே எல்லாம் மாறிவிடவில்லை. விடாமல் சங்கம் கட்டினார்கள், வழக்குப் போட்டார்கள், தெருவில் நின்றார்கள். 2014-இல் அவர்களுக்கென்று தனிச் சட்டமே வந்தது. இன்று நகர விற்பனைக் குழுவில் 100-க்கு 40 இடத்துக்குக் குறையாமல் வியாபாரிகளே தேர்ந்தெடுத்த பிரதிநிதிகள் உட்கார வேண்டும். துரத்தப்பட்டவர்கள் முடிவெடுக்கும் மேசைக்கு வந்தார்கள். மாவட்ட ஆய்வறிக்கை தயாரிக்கும் குழுவில் கோட்டாட்சியர் இருக்கிறார், நீர்வளத் துறை, வனத் துறை, மாசு கட்டுப்பாட்டு வாரியம், கனிமவளத் துறை எல்லாம் இருக்கின்றன. ஆற்றின் ஒவ்வொரு திட்டும் எந்த வெள்ளத்தில் வந்தது, எந்தக் கோடையில் போனது என்று தெரிந்தவன் இல்லை. அவனுக்கு ஒரு நாற்காலி வேண்டும்.

நாற்காலி கேட்பவனுக்கு ஒழுங்கும் வேண்டும். இதில் நம் சங்கம் விட்டுக்கொடுக்காது.

இரவில் வண்டி கட்டக் கூடாது. பாலத்தடியில், குடிநீர்க் கிணற்றோரம், கரையை ஒட்டி மண்வெட்டி வைக்கக் கூடாது, யார் எவ்வளவு கொடுத்தாலும் சரி. ஊற்று தெரியும் ஆழத்துக்கு இறங்கக் கூடாது. நம் வண்டியைக் கொண்டு கரைவரை மணலைச் சேர்த்து, அங்கே லாரியில் ஏற்றிக் கடத்துபவனுக்குக் கூலியாக ஓட்டுவது பிழைப்பு இல்லை. அவனுக்காக நாம் சிறைக்குப் போகிறோம், அவன் அடுத்த ஊரில் வேறு வண்டி பிடிக்கிறான். பசியால் அப்படி ஓட்டியவர்கள் இருக்கிறார்கள் என்பது எனக்குத் தெரியும், அவர்களை ஒதுக்கச் சொல்லவில்லை. இன்றோடு நிறுத்துங்கள், சங்கத்தின் பக்கம் வாருங்கள் என்றுதான் கேட்கிறேன். 2023 ஏப்ரல் 25 அன்று தூத்துக்குடி மாவட்டம் முறப்பநாட்டில் மணல் கடத்தலைப் புகார் செய்த கிராம நிர்வாக அலுவலரை அவர் அலுவலகத்துக்குள்ளேயே பட்டப்பகலில் வெட்டிக் கொன்றார்கள். அவரும் சம்பளத்துக்கு உழைத்தவர்தான், நம் ஊரின் பிள்ளைதான். அந்த ரத்தம் தோய்ந்த கூட்டத்தோடு நமக்கு ஒரு நூல் தொடர்பும் இருக்கக் கூடாது. நம் பெயரைச் சொல்லி ஓர் அதிகாரி மீது கை வைப்பவனுக்குச் சங்கம் வக்கீல் வைக்காது.

இனி வேலைக்கு வருவோம்.

முதல் வேலை, நம்மை நாமே கணக்கெடுப்பது. வழக்கில் உள்ளே போக வேண்டுமானால் நாம் யார், எத்தனை பேர், எத்தனை ஆண்டாக இந்தத் தொழிலில் இருக்கிறோம் என்று காகிதத்தில் காட்ட வேண்டும். வீட்டில் மாடத்திலும் தகரப் பெட்டியிலும் கிடக்கும் பழைய நடைச்சீட்டுகளைத் தேடி எடுங்கள். குவாரிக்குப் பணம் கட்டிய ரசீது, வண்டிப் பதிவு அட்டை, மாடு வாங்கிய கடன் பத்திரம், கால்நடை மருத்துவமனைச் சீட்டு, சங்கச் சந்தா ரசீது என்று எது இருந்தாலும் கொண்டுவாருங்கள். அபராதம் கட்டிய ரசீதைக்கூட ஒளிக்காதீர்கள். இந்த ஆற்றில் இந்த ஆண்டில் நீங்கள் வேலை செய்தீர்கள் என்பதற்கு அதுவும் சான்று. பெண்கள் பெயரைத் தனியாக எழுத வேண்டும். சலித்தவரும் சுமந்தவரும் எந்தப் பதிவேட்டிலும் இல்லை. அவர்கள் இல்லாத பட்டியல் பாதிப் பட்டியல். உடலுழைப்புத் தொழிலாளர் நல வாரியத்தில் பதியாதவர்கள் இதோடு சேர்த்து அதற்கும் விண்ணப்பம் கொடுத்துவிடுங்கள்.

அடுத்தது வழக்கு. மணல் குவாரி பற்றி உயர் நீதிமன்றத்திலோ, சென்னையில் உள்ள தேசியப் பசுமைத் தீர்ப்பாயத்தின் தென்மண்டல அமர்விலோ நம் ஆற்றைத் தொடும் வழக்கு எது நடந்தாலும், நம்மையும் தரப்பினராகச் சேர்க்கக் கோரி மனுப் போடுவோம். பொக்லைனுக்கு எதிராக விவசாயிகள் போட்ட வழக்கில் அவர்கள் பக்கமே நின்று சேருவோம், அதோடு நம் கோரிக்கையையும் வைப்போம். செலவைக் கண்டு பயப்பட வேண்டாம். 1987 சட்டப் பணிகள் ஆணையச் சட்டத்தின் 12-ஆவது பிரிவுப்படி தாழ்த்தப்பட்டோர், பழங்குடியினர், பெண்கள், சிறையில் இருப்பவர்கள், குறைந்த வருமானக்காரர்கள் எல்லோருக்கும் இலவச வக்கீல் உரிமை உண்டு. ஒவ்வொரு தாலுகா நீதிமன்ற வளாகத்திலும் அதற்கு அலுவலகம் இருக்கிறது. போய்க் கேளுங்கள், தனியாகப் போகாதீர்கள், நாலு பேராகப் போங்கள்.

வண்டியும் மாடும் பிடிபட்டுக் கிடக்கும் தோழர்கள் இன்னும் வேகமாக நடக்க வேண்டும். பிடிபட்ட பொருளைக் காவல் நிலையத்தில் மாதக்கணக்கில் போட்டு வீணாக்கக் கூடாது, இடைக்காலப் பொறுப்பில் கொடுப்பதைப் பற்றி விரைந்து முடிவெடுக்க வேண்டும் என்று 2002-லேயே சுந்தர்பாய் தேசாய் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. மணல் வழக்கில் இது சுலபமாகக் கிடைக்காது, உண்மைதான். ஆனால் மாடு இரும்பு இல்லை, அது தின்ன வேண்டும், குடிக்க வேண்டும் என்பதை மனுவில் எழுதிக் கேட்டால்தான் நீதிபதிக்குத் தெரியும். இன்னொன்று. கனிமவளச் சட்டக் குற்றத்தை, அதிகாரம் பெற்ற அலுவலர் எழுத்தில் புகார் கொடுக்காமல் நீதிமன்றம் விசாரணைக்கு எடுக்க முடியாது. 22-ஆவது பிரிவு அது. உங்கள் வழக்கில் அந்தப் புகார் இருக்கிறதா என்று உங்கள் வக்கீலைக் கேளுங்கள். பயந்துபோய்க் கண்ட காகிதத்தில் கைநாட்டு வைத்து, செய்யாததையும் ஒப்புக்கொள்ளாதீர்கள்.

மூன்றாவது, கிராம சபை. ஜனவரி 26, மார்ச் 22, மே 1, ஆகஸ்ட் 15, அக்டோபர் 2, நவம்பர் 1 என்று ஆண்டுக்கு 6 நாள். அடுத்து எது வருகிறதோ அதில் கரையோர ஊராட்சி ஒவ்வொன்றிலும் நம் தோழர்கள் குடும்பத்தோடு உட்கார வேண்டும். தீர்மானம் இரண்டு வரி போதும்: எங்கள் படுகையில் இயந்திரம் இறங்கக் கூடாது, மாவட்ட ஆய்வறிக்கையில் எங்கள் ஊர்த் தொழிலாளர் கையால் அள்ளத் தனி இடம் ஒதுக்க வேண்டும். தூர்வாருகிறோம் என்ற பெயரில் பொக்லைனை இறக்க யாராவது வந்தால் அதையும் அதே தீர்மானத்தில் மறுத்து எழுதுங்கள். பதிவேட்டில் ஏறியதா என்று பார்த்து, நகல் வாங்கிய பிறகுதான் எழுந்து வர வேண்டும். அந்த நகல்தான் 21 நாள் கருத்துக் கேட்பில் நம் கையில் இருக்கப்போகும் ஆயுதம்.

அதற்கு முன்னால், வருகிற திங்கட்கிழமை. மக்கள் குறைதீர்க்கும் நாளில் ஒவ்வொரு மாவட்டத்திலும் ஆட்சியர் அலுவலகத்துக்குப் போகிறோம். ஒரே மனுவில் ஆயிரம் கையெழுத்து வேண்டாம். ஆளுக்கு ஒரு மனு. ஒவ்வொன்றுக்கும் ஒப்புகைச் சீட்டு வாங்க வேண்டும். மனுவில் கேட்பது இவை: மாவட்ட ஆய்வறிக்கை எந்த நிலையில் இருக்கிறது என்று எழுத்தில் பதில், வரைவு வந்ததும் கரையோர ஊராட்சிகளில் தமிழில் ஒட்ட வேண்டும், கையால் அள்ளும் வண்டிக் குவாரிக்கு இடம் குறிக்க வேண்டும், அறிக்கைக் குழு கூடும்போது தொழிலாளர் பிரதிநிதியைக் கூப்பிட வேண்டும்.

வண்டி பூட்டிக்கொண்டு வர வேண்டாம். மாட்டை நிழலில் கட்டி, தண்ணீர் காட்டிவிட்டு வாருங்கள். காலை 9 மணிக்கு வாசலில் கூடுகிறோம். ஆதார் நகல், தொழில் சான்று எதுவானாலும் ஒன்று, பாஸ்போர்ட் அளவு படம் ஒன்று கையில் இருக்க வேண்டும். எழுதத் தெரியாதவர்களுக்கு எழுதிக் கொடுக்க ஞாயிற்றுக்கிழமை இரவு வரை சங்க அலுவலகம் திறந்திருக்கும். பக்கத்து வீட்டில் வண்டியை விற்றுவிட்டுத் திருப்பூருக்குப் போனவர் இருந்தால் அவருக்கு இன்றே போன் போடுங்கள். அவர் பெயரும் பட்டியலில் ஏற வேண்டும்.